மொட்டை மாடி யாருடையது?

ஆண்டில் இரண்டு நாள், சென்னைக்குத் தெற்கே உள்ள ஊரப்பாக்கத்தில் நட்டு வைத்த கம்புக்கு நிழல் விழாது. ஏப்ரல் 24-ஐ ஒட்டி ஒருமுறை, ஆகஸ்ட் 18-ஐ ஒட்டி மறுமுறை. பகல் பன்னிரண்டு தாண்டிச் சில நிமிடங்களில் சூரியன் நேர் உச்சிக்கு வந்துவிடும். மொட்டை மாடிக் கைப்பிடிச்சுவரின் நிழல் சுவரின் காலடியிலேயே ஒடுங்கிவிடும். ஊர் பூமத்திய ரேகைக்கு வடக்கே ஏறத்தாழ 12.9 பாகையில் இருக்கிறது. சூரியன் தன் வடக்கு நோக்கிய பயணத்தில் ஒருமுறையும் திரும்பி வருகையில் ஒருமுறையும் அந்த 12.9 பாகையைக் கடக்கிறது.

இந்த இரண்டு நாளுக்கும் இடைப்பட்ட நான்கு மாதமும் நண்பகல் சூரியன் நமக்கு வடக்கே நிற்கும். ஜூன் 21 அன்று உச்சியிலிருந்து பத்துப் பாகைக்குச் சற்று அதிகமாக வடக்கே. டிசம்பர் 21 அன்று 36 பாகை தெற்கே. ஆண்டு முழுவதையும் சேர்த்துக் கணக்கிட்டால் தெற்குப் பக்கமே கூடுதல் என்பதால்தான் இங்கே சோலார் பேனலைத் தெற்கு பார்த்து, பத்து முதல் பதின்மூன்று பாகை வரை லேசாகச் சாய்த்து வைக்கிறார்கள். மழைத் தண்ணீர் தேங்காமல் வழிந்தோடவும் அந்தச் சாய்வு போதும். ஜெர்மனியில் முப்பது பாகைக்கும் மேல் சாய்த்து நிறுத்துகிறார்கள். நமக்கு அது தேவையில்லை.

இப்போது மாடியில் ஆறடி உயரத் தண்ணீர்த் தொட்டி ஒன்று இருப்பதாக வைத்துக்கொள்வோம். டிசம்பர் கடைசியில் நண்பகலில் அதன் நிழல் வடக்கே நாலரை அடி நீளும். அதே நாள் காலை ஒன்பது மணிக்கு வடமேற்காக ஏறத்தாழ பத்து அடி நீளும். எட்டு மணிக்குப் பதினைந்து அடியையும் தாண்டும். மாடியில் இருப்பது தொட்டி மட்டுமா? படிக்கட்டு அறை, லிப்ட் இருந்தால் அதன் மோட்டார் அறை, துணி காயப்போடும் கம்பி, டிஷ் ஆன்டெனா, பக்கத்து மனையின் தென்னை மட்டை, எதிர் வீட்டு மாடியில் நிற்கும் செல்போன் கோபுரம் என்று ஒவ்வொன்றும் தன் நிழலைப் போட்டுக்கொண்டிருக்கிறது. வண்டலூருக்கும் கூடுவாஞ்சேரிக்கும் இடையில், ஜி.எஸ்.டி. சாலைக்கு இருபுறமும் நெருக்கியடித்து எழுந்திருக்கும் இந்தக் கட்டடக் காட்டில் சூரிய மின்சாரம் எவ்வளவு கிடைக்கும் என்ற கேள்விக்கு, வெயிலை அளப்பதைவிட நிழலை அளப்பதுதான் சரியான விடை தரும்.

நிழலுக்கு இவ்வளவு முக்கியத்துவம் ஏன் என்று புரிய, பேனலுக்குள் என்ன நடக்கிறது என்று பார்க்க வேண்டும்.

ஒளி பட்டால் மின்னோட்டம் பிறக்கும் என்பதை 1839-லேயே பிரான்சில் எட்மண்ட் பெக்கெரல் கண்டார். அது பயன்படும் பொருளாக 115 ஆண்டுகள் ஆயின. 1954-ல் அமெரிக்காவின் பெல் ஆய்வுக்கூடத்தில் சாபின், புல்லர், பியர்சன் என்ற மூவர் சிலிக்கானில் செய்த செல், தன்மேல் விழுந்த வெயிலில் 6 சதவீதத்தை மின்சாரமாக்கியது. இன்று கடையில் வாங்கும் பேனல்கள் 20 முதல் 22 சதவீதம் தருகின்றன. மீதி எங்கே போகிறது? சிலிக்கானில் கட்டுண்டு கிடக்கும் ஓர் எலெக்ட்ரானை விடுவிக்க ஒரு குறிப்பிட்ட அளவு ஆற்றல் தேவை. அதற்குக் குறைவான ஆற்றலுள்ள அகச்சிவப்பு ஒளித்துகள்கள் எதையும் விடுவிக்காமல் கடந்து போகின்றன. அதற்கு அதிகமான ஆற்றலுள்ள நீல ஒளித்துகள்கள் ஓர் எலெக்ட்ரானை விடுவித்துவிட்டு, மிஞ்சியதை வெப்பமாகக் கொட்டிவிடுகின்றன. இந்த இரண்டு இழப்போடு தவிர்க்க முடியாத மற்ற இழப்புகளையும் சேர்த்து, 1961-ல் ஷாக்லி, குவைசர் என்ற இயற்பியலாளர்கள் காட்டிய முறையில் கணக்கிட்டால், ஒற்றை அடுக்கு செல் 33 சதவீதத்தை ஒட்டிய எல்லையைத் தாண்ட முடியாது. ஆகவே மாயம் எதையும் எதிர்பார்த்துக் காத்திருக்க வேண்டியதில்லை. இருக்கிற பேனலே அந்த எல்லையில் மூன்றில் இரண்டு பங்கு தூரம் வந்துவிட்டது.

ஒரு செல் தரும் மின்னழுத்தம் அரை வோல்ட்டுக்குச் சற்று அதிகம், அவ்வளவுதான். அதனால் அறுபது, எழுபத்திரண்டு செல்களை ஒன்றன்பின் ஒன்றாகத் தொடுத்து ஒரு பேனல் செய்கிறார்கள். பத்துப் பேனலைத் தொடுத்து ஒரு வரிசை செய்கிறார்கள். திருவிழாவுக்குக் கட்டும் சீரியல் செட்டில் ஒரு பல்பு போனால் சரம் முழுக்க அணைவதுபோல, இங்கே ஒரு செல்லில் நிழல் விழுந்தால் வரிசை முழுவதன் மின்னோட்டமும் அதன் அளவுக்கு இறங்கிவிடப் பார்க்கும். நிழலில் இருக்கும் செல் மின்சாரம் தருவதை நிறுத்திவிட்டு மற்ற செல்கள் தருவதை உறிஞ்சிச் சூடாகத் தொடங்கும். இதைத் தடுக்கத்தான் ஒவ்வொரு பேனலின் பின்புறப் பெட்டியிலும் பொதுவாக மூன்று டயோடுகள் இருக்கின்றன. நிழல் பட்ட பகுதியை ஒதுக்கிவிட்டு மின்னோட்டம் சுற்றிப் போக அவை வழிவிடும். பேனல் பிழைத்துக்கொள்ளும், ஆனால் அதன் உற்பத்தியில் மூன்றில் ஒரு பங்கு போய்விடும். உள்ளங்கை அகலத் தென்னை ஓலை நிழல் செய்யும் வேலை இது. மாடியில் பேனல் போட வருகிறவர் காலை, நண்பகல், மாலை என மூன்று வேளை நிழலைப் பார்க்காமல், டேப்பை மட்டும் பிடித்து அளந்துவிட்டு விலை சொன்னால் அவரிடம் கொடுக்காதீர்கள்.

வெயில் அதிகம் என்றால் மின்சாரமும் அதிகம் என்று நினைப்போம். ஒளிக்கு அது பொருந்தும், சூட்டுக்குப் பொருந்தாது. பேனலின் திறன் எழுதப்படுவது 25 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில். மே மாதப் பகலில் நம் மாடியில் செல்லின் வெப்பம் 65 டிகிரி வரை எளிதாக ஏறும். ஒவ்வொரு டிகிரிக்கும் சுமார் 0.35 சதவீதம் குறையும் என்பதால், அந்த நேரத்தில் ஏழில் ஒரு பங்கு போய்விடும். கத்திரி வெயிலைவிட பிப்ரவரி, மார்ச் மாதத் தெளிந்த வானம்தான் சோலாருக்குப் பொற்காலம். நவம்பர் மழை மேகம் மிகவும் மந்தம். எல்லாம் சேர்த்துச் சராசரி பார்த்தால், நல்ல முறையில் வைத்த ஒரு கிலோவாட் பேனல் இங்கே நாளுக்கு 4 யூனிட், ஆண்டுக்கு 1,400 யூனிட்டுக்கு மேல் தரும். அதற்கு நிழலில்லாத 100 சதுர அடி வேண்டும்.

இந்த நூறு சதுர அடிதான் நம் ஊரின் கணக்குக்கு அடிப்படை. ராமநாதபுரம் மாவட்டம் கமுதியில் 2016-ல் 648 மெகாவாட் சூரிய மின்நிலையம் எழுந்தபோது, ஒரே இடத்தில் அமைந்தவற்றில் அது உலகிலேயே பெரியதாக இருந்தது. அதற்குப் பிடித்த நிலம் சுமார் 2,500 ஏக்கர். சதுர அடிக்கு விலை பேசும் ஊரப்பாக்கத்தில் அப்படி விரித்துப் போட இடமே கிடையாது. இங்கே இருக்கிற ஒரே வெற்று நிலம் தரையிலிருந்து நாற்பது அடி உயரத்தில், கான்கிரீட் பலகையின் மேல் இருக்கிறது.

ஒரு கிரவுண்டு மனையை எடுத்துக்கொள்வோம்: 2,400 சதுர அடி. கீழே வண்டி நிறுத்தம், மேலே மூன்று மாடி, எட்டு வீடு. இந்தப் பகுதியில் தெருவுக்குத் தெரு காணக்கூடிய கட்டடம் இதுதான். நாலாபுறமும் விட வேண்டிய இடத்தை விட்டுவிட்டால் மாடி 1,500 சதுர அடி தேறும். படிக்கட்டு அறை, தொட்டி, அவற்றின் நிழல் எல்லாம் போக 700 சதுர அடி மிஞ்சுவதாக வைத்துக்கொண்டால் 7 கிலோவாட். நாளுக்கு 28 யூனிட். இரண்டு மாத பில் காலத்துக்கு 1,680 யூனிட். எட்டு வீட்டுக்குப் பிரித்தால் தலைக்கு 210 யூனிட்.

210 யூனிட் ஒரு குடும்பத்தின் முழுத் தேவை ஆகாது. ஆனால் அது என்ன செய்யும் என்று பாருங்கள். இரண்டு மாதத்தில் 600 யூனிட் ஓட்டும் வீட்டுக்கு, முதல் 100 யூனிட் இலவசம் போக, 2024 ஜூலைக் கட்டணப்படி ஏறத்தாழ 2,900 ரூபாய் வரும். அதில் 210 யூனிட் குறைந்து 390 ஆனால் பில் சுமார் 1,140 ரூபாய். மின்சாரத்தில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்குதான் குறைந்தது. பணம் பாதிக்கும் மேல் குறைந்துவிட்டது. நம் மின்கட்டணம் படிக்கட்டு முறையில் ஏறுவதும், 500 யூனிட்டைத் தாண்டினால் கீழ்ப்படிகளின் சலுகையும் போய்விடுவதும்தான் காரணம். சோலார் எப்போதும் உச்சிப் படியிலிருந்துதான் வெட்டத் தொடங்கும். ஆயிரத்துக்கு மேல் யூனிட்டுக்கு 11 ரூபாய்க்கும் மேல் கட்டும் வீட்டுக்கு அந்த வெட்டின் மதிப்பு இன்னும் பெரிது.

கட்டடம் உயர உயர இந்தப் பங்கு தேயும். மாடி ஒன்றுதான், அதன் கீழ் அடுக்கும் வீடுகள் கூடினால் ஆளுக்குக் கிடைக்கும் வெயில் குறையும். இந்தச் சிக்கலை முழு வடிவில் சந்தித்த இடம் சிங்கப்பூர். சுமார் 735 சதுர கிலோமீட்டர் நிலம், 60 லட்சம் மக்கள், மின்சாரத்தில் 95 சதவீதத்தை ஒட்டி இயற்கை எரிவாயுவிலிருந்து. ஆறுகளில் அணை கட்ட வழியில்லை, காற்றாலைக்கு வேண்டிய காற்று வீசுவதில்லை. மிஞ்சியது சூரியன் மட்டுமே. அதுவும் மேகம் மிகுந்த வானம் என்பதால் ஒரு கிலோவாட் பேனல் அங்கே ஆண்டுக்கு 1,200 யூனிட்டை ஒட்டித்தான் தருகிறது. வெயிலில் நாம் அவர்களைவிடப் பணக்காரர்கள்.

இருந்தும் அவர்கள் 2030-க்குள் 2,000 மெகாவாட் என்று இலக்கு வைத்து ஓடினார்கள். எப்படி முடிந்தது என்பதைக் கவனித்துப் படிக்க வேண்டும். ஈசூனிலோ உட்லண்ட்ஸிலோ குடியிருக்கும் நம் உறவினர்கள் பெரும்பாலும் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் கட்டிய அடுக்ககத்தில்தான் இருப்பார்கள். அந்நாட்டு மக்களில் பத்தில் எட்டுப் பேருக்கு அதுதான் வீடு. 2014-ல் தொடங்கிய சோலார்நோவா திட்டத்தில் அந்தக் கழகம் ஆயிரக்கணக்கான அடுக்ககங்களின் கூரையையும் அரசுத் துறைக் கட்டடங்களின் கூரையையும் ஒரே கட்டாகத் திரட்டி ஏலம் விட்டது. பேனல், ஏலத்தில் வென்ற நிறுவனத்தின் சொத்து. போடுவதும் பராமரிப்பதும் அதன் பொறுப்பு. குடியிருப்பவர் முதல் போடுவதில்லை. பகலில் விளையும் மின்சாரம் முதலில் லிப்ட், நடைபாதை விளக்கு, தண்ணீர் பம்பு ஆகியவற்றுக்குப் போகிறது. மிச்சம் பொதுக் கம்பிக்குப் போகிறது. புதிய விஞ்ஞானம் எதையும் அவர்கள் கண்டுபிடிக்கவில்லை. சிதறிக் கிடந்த கூரைகளை ஒரே கூரையாக நினைத்தார்கள்.

நம் ஊரில் அந்த நினைப்புத்தான் இன்னும் வரவில்லை. இந்த அத்தியாயத்தில் நான் வற்புறுத்த விரும்புவதும் இதைத்தான். ஊரப்பாக்கத்தில் வெயில் இருக்கிறது, பேனல் மலிந்திருக்கிறது, மானியம் இருக்கிறது. தனி வீட்டுக்காரர் விண்ணப்பித்து மூன்று கிலோவாட் போட்டுவிடுகிறார். அடுக்குமாடியில் இருப்பவருக்கு மட்டும் மாடி யாருடையது என்று தெரியவில்லை. மேல்தளத்து வீட்டுக்காரர் தன்னுடையது என்று நினைக்கிறார். சில இடங்களில் கட்டியவர் மாடியின் உரிமையைத் தனக்கே வைத்துக்கொண்டு பத்திரத்தில் ஒரு வரி சேர்த்திருப்பார். தரைத்தளத்தில் இருப்பவர் மாடிக்கு ஏறியே வருடமாகியிருக்கும். வீட்டை வாங்கி வாடகைக்கு விட்டுவிட்டு வெளிநாட்டில் இருப்பவர் கூட்டத்துக்கு வருவதில்லை. வாடகைக்கு இருப்பவருக்கோ கரண்ட் பில் கட்டும் கடமை உண்டு, மாடியைப் பற்றிப் பேசும் இடம் இல்லை.

சட்டம் இதில் தெளிவாகவே இருக்கிறது. 2016-ஆம் ஆண்டு மனை வணிக ஒழுங்குமுறைச் சட்டம் 'பொது இடங்கள்' என்பதற்குத் தரும் விளக்கத்தில் மாடிகளும் வருகின்றன. புதுப்பிக்கத்தக்க ஆற்றலுக்கான அமைப்புகளும் பெயர் சொல்லியே வருகின்றன. அந்த விளக்கத்தின்படி மாடி எல்லாருக்கும் பொது. அதில் விழும் வெயிலும் எல்லாருக்கும் பொது. இதை ஏற்றுக்கொண்டால் அடுத்த கேள்வி, அதைப் பிரித்துக் கொடுப்பது எப்படி என்பது. எட்டு வீட்டுக்கும் எட்டுக் கம்பி இழுக்கத் தேவையில்லை. மாடியில் ஒரே மின்நிலையம், ஒரே மீட்டர். அதில் பதிவாகும் யூனிட்டை மின்வாரியத்தின் கணினி எட்டு இணைப்புகளின் பில்லிலும் ஒப்புக்கொண்ட விகிதத்தில் கழித்துக்கொள்ளும். தில்லியில் 2019-லேயே இதற்கு விதிமுறை வகுத்தார்கள். மாடியே இல்லாதவரும் வேறோர் இடத்துக் கூரையில் பங்கு வாங்க இதனால் வழி பிறக்கிறது. நான் மேலே போட்ட 210 யூனிட் கணக்கு பலிக்க வேண்டுமானால் நம் பக்கத்து ஈபி அலுவலகத்திலும் இது அன்றாட நடைமுறையாக வேண்டும். நெருக்கமாக வாழும் ஊருக்கு இதைவிடப் பொருத்தமான ஏற்பாடு வேறில்லை.

அதுவரை காத்திருக்க வேண்டாம். ஒவ்வொரு அடுக்குமாடியிலும் ஒரு பொது மீட்டர் இருக்கிறது. தண்ணீர் மோட்டார், படிக்கட்டு விளக்கு, லிப்ட் எல்லாம் அதில் ஓடும். அதற்கு இலவச யூனிட் கிடையாது. லிப்ட் உள்ள கட்டடங்களுக்கு யூனிட் எட்டு ரூபாயைத் தாண்டுகிறது. பத்து வீட்டுக்கு மிகாத, மூன்று மாடிக்கு மிகாத, லிப்ட் இல்லாத கட்டடங்களுக்கு மட்டும் 2023 அக்டோபரில் அதை 5.50 ரூபாயாகக் குறைத்தார்கள். ஒன்றரைக் குதிரைசக்தி மோட்டார் மணிக்கு ஒரு யூனிட்டுக்குச் சற்று அதிகம் குடிக்கும். பல இடங்களில் காவலாளி அதை விடியற்காலை ஐந்து மணிக்குப் போடுகிறார், மாலை ஏழு மணிக்கு மறுபடி போடுகிறார். அதே மோட்டாரைக் காலை பதினொன்றுக்கும் பகல் இரண்டுக்கும் இடையில் ஓட்டினால் மாடியில் விளையும் மின்சாரம் அங்கேயே செலவாகும். தொட்டி நிறையத் தண்ணீர் இருந்தால் மாலை வெயில் போனபின் மோட்டார் தேவைப்படாது. பேட்டரி வாங்காமலே வெயிலைச் சேமித்து வைக்கும் வழி இது. மூன்று கிலோவாட் போதும். அதற்கு முன்னூறு சதுர அடி போதும். 2024 பிப்ரவரியில் ஒன்றிய அரசு 75,021 கோடி ரூபாய் ஒதுக்கித் தொடங்கிய பிரதமர் சூர்ய கர் திட்டத்தில், தனி வீட்டுக்கு அதிகபட்சம் 78,000 ரூபாய் மானியம் என்பது பலருக்குத் தெரியும். குடியிருப்போர் சங்கங்களின் பொதுப் பயன்பாட்டுக்கும் கிலோவாட்டுக்கு 18,000 ரூபாய் உண்டு என்பது அவ்வளவாகப் பரவவில்லை. அதே மாதம் திருத்தப்பட்ட நுகர்வோர் உரிமை விதிகளின்படி 10 கிலோவாட் வரையான விண்ணப்பத்துக்குத் தொழில்நுட்பச் சாத்திய ஆய்வு தேவையில்லை.

போடுவது என்று முடிவெடுத்தால் கவனிக்க வேண்டியவை சில. முதலில் காற்று. 2016 டிசம்பர் 12 அன்று வர்தா புயல் சென்னையைக் கடந்தபோது வேரோடு சாய்ந்த மரங்களையும் முறிந்த மின்கம்பங்களையும் இந்தப் பகுதி மக்கள் மறந்திருக்க மாட்டார்கள். இந்தியத் தர நிர்ணயப்படி சென்னையில் கட்டுமானங்களைக் கணக்கிட வேண்டிய அடிப்படைக் காற்று வேகம் நொடிக்கு 50 மீட்டர், அதாவது மணிக்கு 180 கிலோமீட்டர். அந்த வேகத்தில் காற்று ஒரு சதுர மீட்டருக்கு ஏறத்தாழ 150 கிலோ எடைக்குச் சமமாக அழுத்தும். இன்றைய பெரிய பேனல் ஒன்றின் பரப்பு இரண்டரைச் சதுர மீட்டர். எடையோ முப்பது கிலோவை ஒட்டித்தான். அதைக் கீழே இருந்து தூக்கக்கூடிய விசை முந்நூறு கிலோவையும் தாண்டலாம். ஆகவே கட்டமைப்புதான் பேனலைவிட முக்கியம். தூண்களின் தலைக்கு மேல் போல்ட் இறங்க வேண்டும். கான்கிரீட் பலகையில் கண்ட இடத்தில் துளை போட்டால் அடுத்த ஐப்பசியில் மேல்தளத்து வீட்டுக் கூரை ஒழுகும், சங்கத்தில் சண்டை வரும். துளையே வேண்டாம் என்றால் கணக்கிட்டு வார்த்த கான்கிரீட் கட்டைகளைப் பாரமாக வைக்கலாம்.

ஏழெட்டு அடி உயரத்தில் பந்தல் போலத் தூக்கிக் கட்டினால் செலவு கூடும். இந்த ஊருக்கு அதுவே சரி என்பது என் கருத்து. கீழே துணி காயும், வடகம் காயும், குழந்தைகள் விளையாடுவார்கள். தொட்டியின் உயரத்துக்கு மேல் போய்விடுவதால் அதன் நிழலும் தொல்லை தராது. பேனலுக்கு அடியில் காற்று ஓடுவதால் சூடு தணிந்து உற்பத்தியும் கூடும். பந்தல் நிழலில் கான்கிரீட் காயாமல் இருப்பதால் மேல்தளத்து வீட்டின் கோடைக்கால வேக்காடு குறையும். மேல்தளத்துக்காரரைச் சம்மதிக்க வைக்க இதைவிட நல்ல வாதம் கிடைக்காது.

அடுத்து, தண்ணீர். ஜி.எஸ்.டி. சாலையின் தூசியும் டீசல் புகையும் கண்ணாடிமேல் படிந்துகொண்டே இருக்கும். மழையில்லாத மாதங்களில் கழுவியாக வேண்டும். ஆழ்துளைக் கிணற்று உப்புத் தண்ணீரை ஊற்றிக் கழுவி அப்படியே விட்டால், குளியலறைக் குழாயில் படிவதுபோல வெள்ளைப் படலம் கண்ணாடியில் ஒட்டிக்கொள்ளும். பிறகு துடைத்தாலும் போகாது. ஆர்.ஓ. இயந்திரம் வெளியேற்றும் கழிவு நீரில் உப்பு இன்னும் அதிகம், அதைத் தொடவே கூடாது. பிடித்து வைத்த மழைநீர் உத்தமம். காலை ஏழு மணிக்கு முன்பு, கண்ணாடி குளிர்ந்திருக்கும்போது கழுவ வேண்டும். கொதிக்கும் கண்ணாடியில் பச்சைத் தண்ணீர் பட்டால் விரிசல் விடலாம்.

கரண்ட் போனால் சோலார் ஓடுமா என்று எல்லாரும் கேட்கிறார்கள். சாதாரண அமைப்பில் ஓடாது. பட்டப்பகலில், பேனல் முழு வெயிலில் நிற்கும்போதே, தெருவில் மின்சாரம் நின்ற மறுநொடி இன்வெர்ட்டர் தன்னைத் தானே நிறுத்திக்கொள்ளும். காரணம் லைன்மேனின் உயிர். டிரான்ஸ்பார்மரை அணைத்துவிட்டு அவர் கம்பத்தில் ஏறிக் கம்பியைத் தொடும்போது, ஏதோ ஒரு வீட்டு மாடியிலிருந்து மின்சாரம் தெருக்கம்பிக்கு வந்தால் என்ன ஆகும் என்று நினைத்துப் பாருங்கள். அந்தத் தானியங்கி நிறுத்தத்தைக் கழற்றிவிடச் சொல்லி எவரையும் கேட்காதீர்கள். மின்வெட்டிலும் விளக்கு எரிய வேண்டுமானால் பேட்டரியுடன் கூடிய ஹைபிரிட் இன்வெர்ட்டர் வாங்க வேண்டும். அது தெருவிலிருந்து வீட்டைத் துண்டித்துக்கொண்டு வீட்டுக்குள் மட்டும் மின்சாரம் தரும். 2015, 2023 வெள்ளங்களில் நாள்கணக்கில் இருட்டில் கிடந்த தெருக்களில், கட்டடத்துக்கு ஒன்றாவது இப்படி இருந்தால் செல்போனும் ஒரு பம்பும் உயிரோடு இருக்கும்.

இரவுக்கு என்ன வழி என்பது இன்னும் பெரிய கேள்வி. 2024 மே 2 அன்று தமிழ்நாட்டின் மின்தேவை 20,830 மெகாவாட்டைத் தொட்டது. புழுக்கமான கோடை இரவில், தாம்பரம் வழியே கடைசி ரயில்களில் வந்து இறங்குகிறவர்கள் ஏ.சி. போடும் நேரத்தில் சூரியன் உதவாது. மே முதல் செப்டம்பர் வரை முப்பந்தலில் காற்றாலைகளைச் சுழற்றும் காற்று ஒரு துணை. கோவை மாவட்டம் காடம்பாறையில் 1987 முதல், மின்சாரம் மிகுந்த நேரத்தில் தண்ணீரை மேலேற்றி, தேவைப்படும் நேரத்தில் இறக்கி 400 மெகாவாட் எடுக்கும் நிலையம் இன்னொரு துணை. பகலில் மாடிகள் எவ்வளவு தருகின்றனவோ அவ்வளவு நிலக்கரியும் அணை நீரும் இரவுக்கு மிச்சம். ஒரே மூலத்தில் எல்லாம் முடியும் என்று சொல்கிறவர்களை நம்ப வேண்டாம்.

ஏரிகளில் மிதக்கவிட்டால் என்ன என்றும் ஒரு யோசனை அடிக்கடி எழுகிறது. சிங்கப்பூர் 2021-ல் தெங்கே நீர்த்தேக்கத்தில் 45 ஹெக்டேர் பரப்பில் 1,22,000 பேனல்களை மிதக்கவிட்டு 60 மெகாவாட் எடுக்கிறது. தூத்துக்குடியிலும் ஒரு தொழிற்சாலை வளாகத்து நீர்த்தேக்கத்தில் 2022-ல் இப்படி ஒன்று வந்தது. ஊரப்பாக்கம் ஏரியிலும் நந்திவரம் ஏரியிலும் இதைச் செய்யலாமா? எனக்கு உடன்பாடில்லை. நீர்த்தேக்கம் ஆண்டு முழுதும் நீர் நிற்கக் கட்டியது. நம் ஏரி ஐப்பசியில் நிறைந்து, கோடையில் சேறு தெரிய வற்றி, அந்தச் சேற்றில் மேயும் பறவைக்கும் அடுத்த மழைக்கும் இடம் விட்டு வைக்கும் அமைப்பு. ஆதனூர்ப் பக்கம் ஏரிகளிலிருந்து வழிந்துதான் அடையாறு பிறக்கிறது. அந்த ஏரிகள் தம் வேலையைச் சரியாகச் செய்யாத ஆண்டுகளில் என்ன நடந்தது என்பதை இந்தப் பகுதி நேரில் கண்டது. கூரைகள் காலியாக இருக்கும்போது ஏரியில் கை வைக்க வேண்டாம்.

காலியாக இருக்கும் பெருங்கூரைகளை முதலில் பார்க்க வேண்டும். கல்யாண மண்டபங்கள், பள்ளிகள், வண்டலூரிலிருந்து பொத்தேரி வரை வரிசையாக நிற்கும் கல்லூரி வளாகங்கள், 2023 டிசம்பர் 30 அன்று திறக்கப்பட்ட கிளாம்பாக்கம் பேருந்து முனையம் போன்ற பொது வளாகங்கள். இவற்றில் பெரும்பாலானவை பகலில்தான் மின்சாரத்தை அதிகம் செலவழிக்கின்றன. விளையும் நேரமும் செலவாகும் நேரமும் ஒன்றாக அமைவது சோலாரில் கிடைக்கும் மிகப் பெரிய வசதி. சென்னை சென்ட்ரல் ரயில் நிலையம் 2021-ல் 1.5 மெகாவாட் பேனல்களால் தன் பகல் தேவையை ஈடுகட்டும் நிலையை எட்டியது. பொது மக்கள் வந்து போகும் இடம் ஒன்று செய்து காட்டிவிட்டது.

நம் மாடிகளுக்கு ஒரு கெடு இருக்கிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும். உங்கள் கட்டடத்துக்குத் தெற்கே இன்று முள்செடி மண்டிக் கிடக்கும் மனையில் நாளை நான்கு மாடி எழும். அது எழுந்தபின் டிசம்பர் மாதத்து வெயில் உங்களுடையதாக இருக்காது. பத்திரத்தை எடுத்து, மாடி யார் பெயரில் இருக்கிறது என்று இந்த வாரமே படித்துப் பாருங்கள். பொது மீட்டரின் கடைசி ஆறு பில்களைச் சேர்த்து வையுங்கள். ஒரு விடுமுறை நாளில் காலை ஒன்பது, நண்பகல், மாலை நான்கு என மூன்று முறை மாடிக்கு ஏறி, நிழல் விழும் இடங்களைச் சுண்ணாம்புக் கட்டியால் கோடு போட்டுக் குறித்துப் படம் எடுங்கள். இந்த மூன்றையும் மேசைமேல் வைத்துக்கொண்டு அடுத்த சங்கக் கூட்டத்தில் பேச்சைத் தொடங்குங்கள். வாடகைக்கு இருப்பவர்களையும் அன்று கூப்பிடுங்கள். பில் கட்டுகிறவர்கள் அவர்களும்தான்.